புலன் கடந்த அறிவும் ஒரு பின்னறையும்

தன் மனைவியின் மனசுக்கு எதுவுமே முன்கூட்டித் தெரியாது என்பதை அறிவியல்பூர்வமாக நிரூபித்துவிடுவது என்று, ஒரு வெள்ளிக்கிழமை காலை பல் தேய்த்துக்கொண்டிருக்கும்போது சந்தேகம் சார் தீர்மானித்தார். வாயில் நுரை இருந்ததால் அதை யாரிடமும் உடனே அறிவிக்க முடியவில்லை. அந்த ஒரு நிமிடம்தான் அந்தத் தீர்மானம் பத்திரமாக இருந்தது.

கல்லூரியில் அவர் புள்ளியியல் நடத்துகிறார். சந்தேகம் சார் என்பது மாணவர்கள் வைத்த பெயர். அவர்கள் வகுப்பில் சந்தேகம் கேட்பதில்லை. எல்லாச் சந்தேகத்தையும் அவரே பட்டுவிடுவார். மழை வரும் போலிருக்கிறது என்றால், எத்தனை மேகத்தைப் பார்த்து அந்த முடிவுக்கு வந்தாய் என்பார். தன் கல்யாணப் போட்டோவைப் பார்த்தால்கூட, பக்கத்தில் நிற்கும் பெண் சிரிப்பது சந்தோஷத்தாலா, போட்டோகிராபர் சொன்னதாலா என்று யோசிப்பார். ஊரிலுள்ள ஐயவாதிகள் வட்டத்தில் அவர் செயலாளர். மாதம் ஒருமுறை பத்துப் பன்னிரண்டு பேர் கூடி, எதையெல்லாம் நம்பக்கூடாது என்று பேசிக் கலைவார்கள்.

அப்பேர்ப்பட்டவருக்கு வாய்த்த மனைவியோ, எதற்கெடுத்தாலும் "மனசுல பட்டுச்சு" என்பாள்.

போன் அடிக்கும் முன்பே "அக்காவா இருக்கும்" என்பாள். அக்காவாகத்தான் இருக்கும். அவர் ஒரு பழைய தொலைநோக்கியை வாங்கி, குடைத் துணியில் சுற்றி, குடை மாதிரியே கக்கத்தில் இடுக்கிக்கொண்டு வீட்டுக்குள் நுழைந்தார். தையல் மெஷினை விட்டுத் தலையைக்கூடத் திருப்பாமல், "அதை எங்க வைக்கப் போறீங்க? அறையிலதான் இடமே இல்லையே" என்றாள்.

அந்த அறைதான் விவகாரம்.

வீட்டின் பின்பக்கம் இருந்த அந்தச் சின்ன அறை சந்தேகம் சாருடைய ஆராய்ச்சி அறை. உள்ளே ஒரு கண்ணாடி அலமாரி, பெண்டுலம் ஆடும் சுவர்க் கடிகாரம், பாடாத ரேடியோ, ஒரு சாய்வு நாற்காலி. இப்போது தொலைநோக்கியும். மனைவியின் தையல் மெஷினோ சமையலறைக்கும் குளியலறைக்கும் நடுவிலிருந்த சந்தில் கிடந்தது. யாராவது குளிக்கப் போக வேண்டுமென்றால் அவள் எழுந்து நாற்காலியை மடக்க வேண்டும். துணி கொடுத்தவர்கள் போட்டுப் பார்ப்பது குளியலறையில்தான். அவர்கள் முன்னும் பின்னும் திரும்பி அழகு பார்த்து முடிக்கும்வரை சந்தேகம் சார் தோளில் துண்டோடு வெளியே காத்திருப்பார்.

இந்த நேரத்தில்தான் பக்கத்துப் பள்ளிக்கூடத்தின் தலைமையாசிரியை, பிள்ளைகளின் சீருடை முழுவதையும் அவளிடமே கொடுப்பதாகச் சொன்னார். ஒரே நிபந்தனை. துணி வெட்ட, அளவெடுக்க, தைத்ததை அடுக்கத் தனி அறை வேண்டும். கோடை விடுமுறை முடிவதற்குள் சொல்ல வேண்டும்.

"எனக்கு அந்தப் பின்னறை வேணுங்க."

"அது ஆராய்ச்சி அறை."

"அங்க என்ன ஆராய்ச்சி நடக்குது?"

"நடக்கப் போகுது."

"கல்யாணமான நாள்லேர்ந்து இதையேதான் சொல்றீங்க."

"அறிவியல் அவசரப்படாது."

"நேத்து மத்தியானம் நீங்க விட்ட குறட்டை வாசல் வரைக்கும் கேட்டுச்சு."

"ஆழமா யோசிக்கிறப்ப மூச்சு கொஞ்சம் பலமாத்தான் வரும்."

அவள் நூலைப் பல்லால் கடித்து அறுத்தாள். "எப்படியும் அது எனக்கு வந்துரும். மனசுல பட்டுருச்சு" என்றாள்.

இந்த இடத்தில்தான் சந்தேகம் சாருக்குச் சுருக்கென்றது. அறை போனால்கூடப் பரவாயில்லை. ஐயவாதிகள் வட்டச் செயலாளரின் அறை மனசில் பட்டுப் போகலாமா? இரவெல்லாம் புரண்டார். காலையில் பல் தேய்த்தார். தீர்மானித்தார்.

"உனக்கு நிஜமாவே அந்தச் சக்தி இருக்குன்னு சோதனையில தெரிஞ்சா அறை உனக்கு. இல்லைன்னு தெரிஞ்சா, அறை எனக்கு. அப்புறம் அதைப் பத்திப் பேச்சே கூடாது. சம்மதமா?"

"சம்மதங்க."

அவ்வளவு சீக்கிரம் சம்மதித்ததற்காகவே அவர் சந்தேகப்பட்டிருக்க வேண்டும். ஊர் உலகத்தையெல்லாம் சந்தேகப்பட்டவர் அன்றைக்கு மட்டும் அசந்துவிட்டார்.

சோதனை எளிமையானது. இருபத்தைந்து சீட்டுகள். ஒவ்வொன்றிலும் ஐந்து உருவங்களில் ஒன்று இருக்கும்: வட்டம், சதுரம், நட்சத்திரம், அலை, கூட்டல் குறி. வெளிநாட்டு ஆராய்ச்சியாளர்கள் அந்தக் காலத்தில் புலன் கடந்த அறிவைச் சோதிக்க இப்படித்தான் செய்தார்களாம். ஒருவர் சீட்டை எடுத்துப் பார்ப்பார். எதிரே இருப்பவர் அதைப் பார்க்காமல் என்ன உருவம் என்று சொல்ல வேண்டும். கண்ணை மூடிக்கொண்டு குத்துமதிப்பாக அடித்துவிட்டாலே ஐந்து சரியாக வந்துவிடும்.

"பத்து சரியாச் சொல்லிட்டா, அது தற்செயல் இல்லைன்னு நானே ஒத்துக்கறேன்" என்றார் சந்தேகம் சார் பெருந்தன்மையோடு.

நடுவராக மாடி வீட்டுப் பல் டாக்டரை அழைத்தார். டாக்டர் இளைஞர். மாடியில் வீடும் கிளினிக்கும் ஒன்றாக வைத்திருந்தார். சாயங்காலத்தில் அவரிடம் பல்லும் வராது, பல்லுக்குச் சொந்தக்காரர்களும் வரமாட்டார்கள்.

பின்னறையில் ஒரு சின்ன மேஜை. அதன் மேல் அட்டைப் பெட்டியைப் பிரித்துச் செய்த ஒரு தடுப்பு. தடுப்புக்கு இந்தப் பக்கம் சந்தேகம் சார், அந்தப் பக்கம் அவர் மனைவி. ஒருவர் முகம் ஒருவருக்குத் தெரியாது. "தம்பதிகளுக்கு இது நல்ல ஏற்பாடா இருக்கே" என்றார் டாக்டர், இன்னும் கல்யாணம் ஆகாதவர்.

சந்தேகம் சார் சீட்டை எடுத்து உற்றுப் பார்த்தார். அவர் மனைவி, கல்யாண மேடையில்கூட அப்படிக் குனிந்ததில்லை, அவ்வளவு அடக்கமாகத் தலையைக் குனிந்துகொண்டு யோசித்தாள்.

"நட்சத்திரம்."

அடுத்த சீட்டு.

"அலை."

அடுத்தது.

"வட்டமாத்தாங்க இருக்கணும்."

முடிவில் டாக்டர் கூட்டிப் பார்த்துவிட்டுத் தொண்டையைச் செருமினார். "பதினொன்னு சார்."

"தப்பா எண்ணிட்டீங்க டாக்டர்."

"முப்பத்திரண்டு வரைக்கும் எனக்கு நல்லா எண்ணத் தெரியும் சார். தினம் எண்றதுதானே."

சந்தேகம் சார் எழுந்து அறையைச் சுற்றி ஒரு நடை நடந்தார். பிறகு மெல்லச் சிரித்தார். "கசிவு" என்றார்.

"கூரையா சார்?"

"தகவல் கசிவு, டாக்டர். இந்த மாதிரிச் சோதனையில மார்க் கூடுதலா வந்தா ஒரே அர்த்தம்தான். எங்கேயோ ஒழுகுது. அந்தக் காலத்துல சீட்டு மெல்லிசா இருந்து, பின்பக்கமே உருவம் தெரிஞ்சிருக்கு. சோதனை பண்றவர் மூக்குக் கண்ணாடியில சீட்டு தெரிஞ்ச கதையெல்லாம் உண்டு. ஆராய்ச்சி பண்றவங்களோட அஜாக்கிரதை. அதைக் கண்டுபிடிச்சு அடைக்கணும். அதுவரைக்கும் இந்தச் சோதனை செல்லாது."

"சரிங்க, செல்லாது" என்றாள் மனைவி. எழுந்து போகும்போது கண்ணாடி அலமாரியை ஒருமுறை பார்த்தாள். பார்த்ததை அவர் பார்த்துவிட்டார் என்று தெரிந்ததும் சட்டென்று கண்ணைத் தாழ்த்திக்கொண்டாள்.

பிடித்துவிட்டேன் என்று சந்தேகம் சாருக்கு உடம்பெல்லாம் சிலிர்த்தது. அலமாரிக் கண்ணாடியில் சீட்டின் நிழல் விழுந்திருக்கிறது. அடுத்த நாளே அவரும் டாக்டருமாக மூச்சிரைக்க அலமாரியை மாடிக்கு ஏற்றினார்கள். டாக்டர் மிகவும் மனம் நெகிழ்ந்துபோனார். அன்று மாலைக்குள் அதில் பல்செட்டுகளையும் பேஸ்ட் டப்பாக்களையும் வரிசையாக அடுக்கிவிட்டார்.

அடுத்த சோதனையில் பன்னிரண்டு.

இந்த முறை அவள் ஒவ்வொரு பதிலுக்கும் முன்னால் கடிகாரத்தின் பக்கமாகக் காதைச் சாய்த்ததை டாக்டர் கவனித்துச் சொல்லியிருந்தார். பெண்டுலத்தின் தாளத்துக்கும் அவர் சீட்டெடுக்கும் வேகத்துக்கும் ஏதோ தொடர்பு இருக்கிறது. கடிகாரம் கூடத்துக்குப் போயிற்று. அதற்கடுத்த முறை, எழுந்து போகும்போது ரேடியோவைப் பார்த்து லேசாகப் புன்னகைத்தாள். பாடாத ரேடியோவைப் பார்த்து ஒருத்தி ஏன் புன்னகைக்க வேண்டும்? ரேடியோ பரண் மேல் ஏறியது. தொலைநோக்கியின் கண்ணாடி வில்லை சும்மா கிடந்தாலும் ஆபத்து என்று அவரே முந்திக்கொண்டு அதைக் கட்டிலுக்கடியில் தள்ளினார்.

சாய்வு நாற்காலி மட்டும் மிச்சமிருந்தது. அதை விட்டுக் கொடுக்க அவருக்கு மனசில்லை.

"அது பாவங்க, இருந்துட்டுப் போகட்டும்" என்றாள் மனைவி. "நீங்க சாயும்போது கிறீச்சுங்கும். அது ஒன்னும் பெரிய சத்தம் இல்லை."

"எப்பெப்ப கிறீச்சுங்குது?"

"அதையெல்லாம் நான் எங்கங்க கவனிச்சேன்?" என்றாள், மிகவும் கவனித்தவளைப் போல.

சாய்வு நாற்காலி வாசலுக்குப் போயிற்று. சந்தேகம் சார் சமையலறை முக்காலியில் உட்கார்ந்தார். முதுகு வலித்தது. ஆனாலும் அறை இப்போது கழுவித் துடைத்த தட்டு மாதிரி சுத்தமாக இருந்தது. நான்கு சுவர், ஒரு ஜன்னல்.

மார்க் பதினொன்றுக்குக் குறையவில்லை.

"எனக்கென்னமோ அக்காவுக்கு நிஜமாவே ஏதோ இருக்குன்னு தோணுது சார்" என்றார் டாக்டர் தயங்கித் தயங்கி. "நேத்து என்னைப் பார்த்து, 'இன்னிக்கு நீங்க சாப்பிடலையா'ன்னு கேட்டாங்க. நிஜமாவே சாப்பிடலை."

"அதுக்கு உங்க மூஞ்சியைப் பார்த்தாலே போதும், டாக்டர்."

சந்தேகம் சார் இரண்டு நாள் தாடி எடுக்கவில்லை. அறை கைநழுவிப் போய்க்கொண்டிருந்தது. பள்ளிக்கூட விடுமுறையும் கரைந்துகொண்டிருந்தது. மூன்றாவது நாள் கல்லூரியில் கோடைச் சிறப்பு வகுப்பில் பாடம் நடத்திக்கொண்டிருந்தபோது பொறி தட்டியது. பாடத்தைப் பாதியில் விட்டுவிட்டு வீட்டுக்கு வந்தார்.

"உன் கை" என்றார்.

"கைக்கு என்னங்க?"

"தடுப்புக்குப் பின்னால மடியில விரலை மடக்கி மடக்கி எண்ணத்தான் செய்வ. எந்த உருவம் எத்தனை தடவை வந்துருக்குன்னு கணக்கு வெச்சுக்கற. இனிமே உன் கை சும்மா இருக்கக்கூடாது. கைக்கு ஏதாவது வேலை கொடுத்தாகணும்."

"என்ன வேலைங்க கொடுப்பீங்க? எனக்குத் தெரிஞ்சது தைக்கிறது ஒன்னுதான்."

சந்தேகம் சார் நின்ற இடத்திலேயே நின்றுவிட்டார். இதைவிடப் பொருத்தமான ஏற்பாட்டை எந்த நாட்டு ஆராய்ச்சிக் கூடத்திலும் யோசித்திருக்க மாட்டார்கள். இரண்டு கையும் துணியில் இருக்கும். மெஷின் சத்தத்தில் வேறெந்தச் சத்தமும் காதில் விழாது. ஒரே கல்லால் இரண்டு கசிவு அடைபடும்.

"மெஷினை உள்ள கொண்டு வரணும்" என்றார்.

"ஐயோ, அது ரொம்பக் கனங்க."

"உனக்கென்ன தெரியும்? ஆராய்ச்சின்னா சும்மாவா?"

அவரும் டாக்டரும் மெஷினைத் தூக்கிவந்து ஜன்னலோரமாக வைத்தார்கள். "கொஞ்சம் இடது பக்கமா" என்றாள் அவள். வைத்தார்கள். நிழல் விழாமல் சீரான வெளிச்சம் வேண்டுமென்று அவர் கூரையில் இரண்டு புது விளக்குகளைப் பொருத்தினார். சீட்டுகளை எல்லோரும் பார்க்கும்படி பரப்பிக் கலைக்க நீளமான மேஜை ஒன்றை வாங்கிவந்து போட்டார். இடுப்புயரம், ஆளுயர நீளம். வெளியிலிருந்து யாரும் எட்டிப் பார்த்து ஜாடை காட்டாமலிருக்க ஜன்னலுக்கு அவளே திரை தைத்து மாட்டினாள். பூப்போட்ட திரை.

"இப்ப ஒரு ஈ கூட உனக்குச் சேதி சொல்ல முடியாது" என்றார் சந்தேகம் சார்.

"ஆமாங்க. இப்பதான் எல்லாம் சரியா அமைஞ்சிருக்கு."

இறுதிச் சோதனைக்குச் சாட்சியாக ஐயவாதிகள் வட்டத் தலைவரையே அழைத்தார். தலைவர் ஓய்வுபெற்ற ரசாயனப் பேராசிரியர். காபி கொடுத்தால்கூட முகர்ந்து பார்த்துவிட்டுத்தான் குடிப்பார். அவருடைய வீட்டம்மாவும் கூட வந்திருந்தார். கணவர் எதையும் நம்பாததால் அவர் இரண்டு பேருக்கும் சேர்த்து எல்லாவற்றையும் நம்பிக்கொண்டிருப்பவர்.

"பெரியவங்க வராங்க, வெறுங்காலோட உக்காராதீங்க. ஷூ போட்டுக்குங்க" என்றாள் மனைவி காலையிலேயே. அவளே துடைத்துக் கொடுத்தாள்.

சோதனை தொடங்கியது. மெஷின் கடகடவென்று ஓடியது. சந்தேகம் சார் சீட்டை எடுத்தார். அவள் தைத்துக்கொண்டே சொன்னாள். வட்டம் என்றாள், அது சதுரம். அலை என்றாள், அதுவும் சதுரம். நடுநடுவே சில தற்செயலாகச் சரியாக வந்தன. கடைசிச் சீட்டு முடிந்தபோது ஒரு சட்டைக்குக் கை வைத்து முடித்திருந்தாள்.

டாக்டர் எழுந்து நின்று அறிவித்தார்: "அஞ்சு."

அசல் ஐந்து. குருட்டாம்போக்கில் யார் சொன்னாலும் வரக்கூடிய ஐந்து. சந்தேகம் சாருக்குக் கண் கலங்கிவிட்டது. தலைவர் அவர் கையைப் பிடித்துக் குலுக்கினார்.

கூடத்தில் எல்லோரும் உட்கார்ந்தபிறகு, தேநீர் போட்டுக்கொண்டிருந்த மனைவியைத் தேடிச் சமையலறைக்குப் போனார். வெற்றியைச் சொல்லிக் காட்ட ஆள் வேண்டுமே.

"பாத்தியா? உனக்கு ஒரு சக்தியும் இல்லை."

"இல்லைதாங்க. நான் எப்ப இருக்குன்னேன்?"

"அப்ப இத்தனை நாளா பதினொன்னு, பன்னெண்டு வந்துச்சே?"

"அது உங்க கால்விரல் சொன்னதுங்க" என்றாள், தேநீரை வடிகட்டிக்கொண்டே. "தடுப்பு மேஜை மேலதானே இருந்துச்சு. கீழ உங்க கால் தெரிஞ்சுதே. நட்சத்திரம் வந்தா பெருவிரல் மேல தூக்கிக்கும். அலைன்னா அஞ்சு விரலும் ஆடும். சதுரத்துக்குக் குதிகாலைத் தரையில ஊணிக்குவீங்க. கூட்டல் குறின்னா கால் மேல கால்."

"வட்டம்?"

"வட்டத்துக்கு ஒன்னுமே பண்ண மாட்டீங்க. அதை வெச்சுத்தான் வட்டம்னு கண்டுபிடிக்கணும். கொஞ்சம் கஷ்டம்."

"அப்ப இருபத்தஞ்சும் சொல்லியிருக்கலாமே."

"சொல்லியிருந்தா நீங்க பயந்துபோய் அன்னிக்கே சோதனையை நிறுத்தியிருப்பீங்க. இந்த டம்ளரைத் தலைவருக்குக் குடுங்க. சக்கரை கம்மி."

டம்ளரை ஏந்திக்கொண்டு அவர் கூடத்துக்கு வந்தார். தலைவரின் வீட்டம்மாவைக் காணோம். தலைவர் தேநீரை முகர்ந்தார். டாக்டர் குறித்துவைத்த பழைய மார்க்குகளையெல்லாம் பார்த்தார்.

"அருமையான வேலை" என்றார் தலைவர். "இதுவரைக்கும் ஒவ்வொரு தடவையும் பத்துக்கு மேல. அறையை இப்படி அமைச்சதும் அஞ்சு. இந்த ஏற்பாடுதான் கசிவை அடைச்சிருக்கு. ஆனா ஒரு தடவை வந்தா போதுமா? திரும்பத் திரும்ப வரணும். மாசம் ஒருதரம் வெச்சுப் பாப்போம். ஒரு ரெண்டு வருஷம்."

"ரெண்டு வருஷமா?"

"அறிவியல் அவசரப்படலாமா? அதுவரைக்கும் அந்த அறையில ஒரு குண்டூசி நகரக்கூடாது. அதே மேஜை, அதே மெஷின், அதே திரை."

"என் அலமாரி..."

"அலமாரி உள்ள வந்தா இன்னிக்கு வந்த அஞ்சு செல்லாம போயிரும். மிச்சம் இருக்கிறது பழைய மார்க்குதான். அதை வெச்சுப் பாத்தா அந்தம்மாவுக்குச் சக்தி இருக்குன்னுல ஆகுது?"

டாக்டர் விரலை மடக்கி யோசித்தார். "அப்ப அலமாரி உள்ள வந்தா, பந்தயப்படி அறை அக்காவுக்கு. வரலைன்னா, மெஷின் உள்ளயே இருக்கும். அப்பவும் அக்காவுக்கு" என்றார். பிறகு, மாடியில் தன் பல்செட்டுகள் இருக்கும் அலமாரியை நினைத்து நிம்மதியாகச் சாய்ந்துகொண்டார்.

"அந்தப் பழைய மார்க்கெல்லாம் வெறும் கசிவு" என்றார் சந்தேகம் சார்.

"எது கசிஞ்சுது? அதைக் கண்டுபிடிச்சிருந்தா சொல்லுங்க. பிரச்னையே தீந்துது. அடுத்த கூட்டத்துல நீங்கதானே பேசப் போறீங்க. தலைப்புகூட நீங்க குடுத்ததுதான், 'ஆராய்ச்சியாளர்களின் அஜாக்கிரதை'. அதுலயே சொல்லிரலாம்."

சந்தேகம் சார் குனிந்து பளபளவென்றிருந்த தன் ஷூவைப் பார்த்தார். உள்ளே பெருவிரல் மெல்ல மேலே எழும்பியது. அதை அப்படியே அமுக்கிக்கொண்டார்.

"இன்னும் கண்டுபிடிக்கலை" என்றார்.

முதுகு வலித்தது. கொஞ்ச நேரம் தனியாக இருந்தால் நல்லது என்று தோன்றியது. எழுந்து, பழக்க தோஷத்தில் பின்னறைக்கு நடந்து, கதவைத் தள்ளினார். உள்ளே தாழ்ப்பாள் போட்டிருந்தது.

"யாரு? தலைவரோட வீட்டம்மா அளவு குடுத்துட்டு இருக்காங்க" என்று மனைவியின் குரல் கேட்டது. "இனிமே தட்டிட்டு வாங்க."